வித்தோரியோ தெ செதாவின் பத்துக் குறும்படங்கள்: டிவிடி தொகுப்பு எப்படி?

இத்தாலியன் ஒரு வார்த்தை தெரியாதவரும் தைரியமாக வாங்கலாம். ‘இல் மோந்தோ பெர்துதோ’ (தொலைந்த உலகம்) என்ற இந்தத் தொகுப்பில் இருப்பவை, இத்தாலிய இயக்குநர் தெ செதா 1954 முதல் 1959 வரை எடுத்த பத்து ஆவணக் குறும்படங்கள். அந்தக் காலத்து ஆவணப்படம் என்றால் பின்னணியில் ஒருவர் விடாமல் விளக்கிக்கொண்டே இருப்பார். இவர் அந்தக் குரலையே எடுத்துவிட்டார். காற்று, அலை, துடுப்பு, ஆட்கள் போடும் சத்தம், பாட்டு. அவ்வளவுதான்.

இத்தாலியில் கன்னியர் மடத்தில் இருக்கும் சித்தி ஊருக்கு வந்தபோது கொண்டுவந்தது இது. விலையைக் கேட்டேன், சொல்லவில்லை. முட்டத்தில் எங்கள் வீட்டு டிவிடி பிளேயர் வட்டை ஏற்க மறுத்துவிட்டது. ஐரோப்பாவுக்கான மண்டலக் குறி வேறு, நம் நாட்டுக்கு வேறு. பழைய லேப்டாப்பில் வி.எல்.சி. போட்டுத்தான் ஓட்டினோம். கூட வரும் புத்தகமும் இத்தாலியனில்தான். அதைச் சித்தி படித்துக்கொள்ளட்டும்.

முதலில் போட்டது மெஸ்ஸினா நீரிணையில் வாள்மீன் பிடிக்கும் படம். உயரத்தில் நிற்கும் ஆள் மீன் போகும் திசையைப் பார்த்துக் கத்துகிறார். கீழே துடுப்பு வலிப்பவர்கள் மூச்சு வாங்க வலிக்கிறார்கள். ஈட்டி பாய்ந்ததும் கயிறு ஓடுகிற ஓட்டம் இருக்கிறதே, அதற்காகவே இன்னொரு தடவை பார்த்தேன். கரையில் நின்று கரமடி வலை இழுத்தே கை காய்த்துப்போன பெரியப்பா, "லே மக்கா, இவன் கரையில நின்னு எடுக்கல, வள்ளத்துல ஏறித்தான் எடுத்திருக்கான்" என்றார். அவர் வாயிலிருந்து ஒரு படத்துக்கு இவ்வளவு வருவதே பெரிது.

அடுத்து ‘கடலின் உழவர்கள்’, 1955. சிசிலியில் சூரை இனத்துப் பெரிய மீன்களை வலைக்கூட்டுக்குள் வரவைத்து, சுற்றிலும் ஆட்கள் நின்று பாட்டுப் பாடியே வலையைத் தூக்குகிறார்கள். எனக்கு வலை இழுக்கும்போது நம்மவர்கள் பாடும் அம்பாப் பாட்டு நினைவு வந்தது. பெரியப்பாவுக்கு வந்த சந்தேகம் வேறு: "இத்தனை பேருக்குப் பங்கு எப்படிப் பிரிப்பானுவ?"

நியாயமான கேள்வி. தொகுப்பில் எனக்குள்ள குறையும் அதுதான். உழைப்பை இவ்வளவு நெருங்கிப் பார்த்தவர், வலை யாருடையது, பணம் யாருக்குப் போகிறது என்பதைத் தொடாமலே போய்விடுகிறார். கந்தகச் சுரங்கப் படமும் அப்படித்தான். லம்பெதூசா தீவுப் பக்கம் புயலுக்கு ஒதுங்கும் படகுகளைக் காட்டும் படம் மட்டும், 2017 ஒக்கிப் புயலுக்குப் பிறகு எங்களால் சாதாரணமாகப் பார்க்க முடியவில்லை. கலாப்ரியா மலைக்கிராமம் ஒன்றில் பெரிய மரத்தை ஊரே சேர்ந்து இழுத்துவரும் திருவிழாப் படம் எல்லோருக்கும் பிடித்தது.

தெ செதா 1923இல் பலெர்மோவில் பிறந்தவர், கட்டடக்கலை படித்தவர். அமெரிக்க இயக்குநர் மார்ட்டின் ஸ்கோர்செஸி இந்தப் படங்களை வெகுவாகப் புகழ்ந்திருக்கிறார். ஆனாலும் ஃபெல்லினி பெயர் தெரிந்த நம்மூர் சினிமா ஆர்வலர்களிடம் இவர் பெயரைச் சொன்னால் முழிக்கிறார்கள். எடுத்ததும் குறைவு. 1973இல் தொலைக்காட்சிக்கு ஒரு பள்ளி ஆசிரியரின் கதை, எண்பது தாண்டிய பிறகு 2006இல் ஆப்பிரிக்காவிலிருந்து இத்தாலிக்கு வரும் ஒருவரின் கதை. 2011இல் கலாப்ரியாவில் இறந்தார்.

பெரியப்பாவின் கேள்விக்குப் பதில் இருப்பது 1961இல் வந்த ‘பந்தித்தி அ ஒர்கோசொலோ’வில். சார்தீனியா மேய்ப்பர்களையே நடிக்கவைத்து எடுத்த முழுநீளப் படம். செய்யாத குற்றத்துக்குப் பயந்து மலையேறுகிறான் ஒரு மேய்ப்பன். ஆடுகள் செத்துவிழுகின்றன. கடைசியில் இன்னொரு ஏழையின் மந்தையைத் திருடுகிறான். வெனிஸ் திரைப்பட விழாவில் முதல் படத்துக்கான பரிசு வாங்கியது. அது இந்தத் தொகுப்பில் இல்லை, தனியாகத்தான் தேட வேண்டும். பத்தையும் ஒரே மூச்சில் போடாதீர்கள், ஒரு ராத்திரிக்கு இரண்டு போதும். ஐந்துக்கு நாலு நட்சத்திரம்.