ஒரே படபடப்பு, வேறு வேறு மாத்திரை

அம்மாவுக்கும் எதிர்வீட்டு ஆன்ட்டிக்கும் ஒரே நோய்: ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன். இதயத்தின் மேல் அறைகள் தாளம் தப்பித் துடிக்கும். சிங்கப்பூரின் ஈசூனில் எங்கள் புளோக்கின் கீழ்த்தளத்தில் சாயங்காலம் இருவரும் உட்கார்ந்தால், பேச்சு எப்படியாவது மாத்திரைப் பெட்டிக்கு வந்துவிடும். அம்மாவிடம் இருப்பது பைசோப்ரொலால், ஆன்ட்டியிடம் டில்டியாசெம். "உங்க மாத்திரைதான் ஸ்ட்ராங்கு போல, ஆன்ட்டி?" என்று ஒருநாள் அம்மா கேட்டார். அந்தக் கேள்விக்குப் பதில் தேடப் போய்த்தான் இதெல்லாம் படித்தேன்.

இந்த நோயில் மேல் அறைகளில் நிமிடத்துக்கு 350 முதல் 600 தடவை வரை மின்துடிப்பு கிளம்புகிறது. அத்தனையும் கீழ் அறைகளுக்கு இறங்கினால் ஆள் தாங்க முடியாது. நடுவில் ஏவி கணு என்ற ஒரு வாசல் இருப்பதால் பிழைக்கிறோம். அது வடிகட்டியும் 130, 140 என்று நாடி ஓடும். இரண்டு மாத்திரையும் இந்த வாசலைத்தான் நெருக்குகின்றன. வழிதான் வேறு.

அட்ரினலின் இதயச் செல்லின் பீட்டா ஏற்பியைத் தொட்டால், செல்லுக்குள் கால்சியம் கூடுதலாகப் பாயும், ஏவி கணுவும் சுறுசுறுப்பாகும். அம்மாவின் பைசோப்ரொலால் ஒரு பீட்டா பிளாக்கர், அது முன்கூட்டியே அந்த ஏற்பியில் இடம் பிடித்துக்கொள்கிறது. டில்டியாசெம் அட்ரினலின் பக்கமே போகாது, கால்சியம் நுழையும் வழியையே நேராகச் சுருக்கும். எம்ஆர்டி ரயில் நிலையத்துப் படியேறும்போதும், தீபாவளிக்கு முந்தின வாரம் தேக்கா கடைவீதி நெரிசலில் மாட்டும்போதும் அட்ரினலின் பொங்குமே, அப்போது நாடி எகிறாமல் பிடிப்பதில் பீட்டா பிளாக்கர் கெட்டி.

அப்படியானால் ஆன்ட்டிக்கு ஏன் அது இல்லை? அவருக்கு ஆஸ்துமா. நுரையீரல் குழாய்களிலும் பீட்டா ஏற்பிகள் உண்டு. அவற்றை அடைத்தால் இழுப்பு வரலாம். பைசோப்ரொலால் பெரும்பாலும் இதயத்து ஏற்பிகளைத்தான் தேடிப் போகும் என்றாலும் முழு உத்தரவாதம் இல்லை. புரொப்ரனலால் போன்ற பழைய மருந்து இரண்டையும் ஒரேயடியாக அடைக்கும். டில்டியாசெம் மூச்சுக்குழாயை நெருக்குவதில்லை.

அம்மாவின் கதை நேரெதிர். அவருடைய இதயம் ரத்தத்தை வெளியே தள்ளும் பலம் குறைந்தது. அப்படிப்பட்ட இதயத்தை டில்டியாசெம் இன்னும் தளர்த்திவிடும், அதனால் கொடுக்கமாட்டார்கள். பீட்டா பிளாக்கரைச் சின்ன அளவில் தொடங்கி மெதுவாக ஏற்றினால் அதே இதயம் தாங்கிக்கொள்ளும்.

தொல்லைகளும் வேறு வேறு. அம்மாவுக்குச் சோர்வு, ஏர்கானில் கைகால் சில்லிட்டுப் போகும். ஆன்ட்டிக்குக் கணுக்கால் வீக்கம். நீரிழிவுக்காரர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: சர்க்கரை இறங்கும்போது வரும் படபடப்பையும் நடுக்கத்தையும் பீட்டா பிளாக்கர் மறைத்துவிடலாம், வியர்வை மட்டும் காட்டிக்கொடுக்கும். பீட்டா பிளாக்கரைத் திடீரென்று நிறுத்தவும் கூடாது. அடங்கியிருந்த துடிப்பு சீறிக்கொண்டு திரும்பும்.

நாடியை அடக்கும் இன்னொரு மருந்தான டிகாக்சின் இவற்றுக்கெல்லாம் தாத்தா. 1785இல் ஆங்கிலேய மருத்துவர் வில்லியம் விதரிங் ஒரு பூச்செடியின் இலையைப் பற்றி எழுதியதிலிருந்து தொடங்கும் பரம்பரை. ரத்த அழுத்தத்தைக் குறைக்காது, அது நல்லது. ஆனால் உட்கார்ந்திருக்கும்போது அடக்குகிற நாடியை, எழுந்து நடந்தால் அவ்வளவாக அடக்காது. அளவு கொஞ்சம் தப்பினாலும் நஞ்சு, சிறுநீரகம் பலவீனமானால் இன்னும் ஆபத்து. பெரும்பாலும் நாற்காலியிலேயே இருக்கும் முதியவருக்குத்தான் இது தோது என்பது என் எண்ணம்.

அமியோடரோன் என்ற மருந்தின் ஆட்டமே வேறு. அது வாசலில் மட்டும் நிற்காமல் தாளத்தையே சீராக்கப் பார்க்கும். எடையில் ஏறக்குறைய 37 விழுக்காடு அயோடின் என்பதால் தைராய்டில் கை வைக்கும். நுரையீரல், கல்லீரலையும் விடாது. சரி, தாளத்தைத் திருப்பினால் ஆயுள் கூடுமா? 4,060 பேரை வைத்து 2002இல் வெளியான அஃபர்ம் ஆய்வில் கூடவில்லை. நோய் கண்ட ஓராண்டுக்குள் தாளத்தைச் சீராக்கத் தொடங்கினால் பக்கவாதம் போன்றவை குறைகின்றன என்று 2020இல் ஈஸ்ட் ஆய்வு சொன்னது. புதிதாக நோய் வந்தவர்கள் மருத்துவரிடம் இதைக் கேட்கலாம்.

அம்மா கைக்கடிகாரத்தில் நாடி 92 என்று பார்த்தாலே பதறுவார். ஓய்வில் 110க்குள் இருந்தாலே பலருக்குப் போதும் என்று 2010இல் ரேஸ் 2 ஆய்வு காட்டியதைச் சொன்னேன். நம்பவில்லை. இந்த நோயால் இதயத்தில் உருவாகக்கூடிய ரத்தக்கட்டியை இந்த நான்கு மருந்துகளில் எதுவும் தடுக்காது என்பதையும் சொன்னேன். அதற்கு ஏபிக்சபான் போன்ற, ரத்தம் உறையாமல் தடுக்கும் மருந்து தனியாக வேண்டும்.

போன மாதம் அம்மாவின் பைசோப்ரொலால் தீர்ந்துபோனது. "இந்தாங்க, என்னுடையதில் ஒண்ணு போட்டுக்குங்க," என்று ஆன்ட்டி தன் மாத்திரைப் பட்டையை நீட்டினார். நல்ல மனசு. அம்மா கை நீட்டுவதற்குள் நான் நன்றி சொல்லித் திருப்பிக் கொடுத்துவிட்டு, மூடுவதற்குள் மருந்தகத்துக்கு ஓடினேன்.