அண்ணாச்சி கடையா, சூப்பர் மார்க்கெட்டா, டெலிவரி ஆப்பா?

மகள் வேலை கிடைத்துப் பெங்களூரு போனபிறகு வீட்டில் நாங்கள் இரண்டே பேர். அதுவரை மாத மளிகை மொத்தமும் சூப்பர் மார்க்கெட்டில்தான். நடுவில் கொஞ்ச நாள் டெலிவரி ஆப். இப்போது ஒன்றரை வருடமாகத் தெருமுனை அண்ணாச்சி கடை.

விலையில் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. சோப்பு, எண்ணெய் சூப்பர் மார்க்கெட்டில்தான் மலிவு, அண்ணாச்சி எம்.ஆர்.பி.யில் ஒரு ரூபாய் குறைக்க மாட்டார். ஆப்பில் சின்ன ஆர்டர் என்றால் அந்தக் கட்டணம் இந்தக் கட்டணம் என்று கடைசியில் ஏறிவிடும்.

என்னை மாற்றியது வண்டு. ஒரு கிலோ ரவையைப் பிரித்து இரண்டு முறை உப்புமா கிண்டியிருப்போம். மூன்றாவது வாரம் பார்த்தால் ஒட்டடை மாதிரி கோத்துக்கொண்டு உள்ளே புழு நெளியும். சென்னைப் புழுக்கத்தில் இறுக்கி மூடிய டப்பாவும் காப்பாற்றவில்லை. பருப்பில் காய்ந்த மிளகாய், அரிசியில் வேப்பிலை, ரவையை வறுத்து வைப்பது, எல்லாம் செய்து பார்த்தாகிவிட்டது. மலிவாக வாங்கி, பாதியைக் குப்பையில் கொட்டினால் அது என்ன மலிவு?

அண்ணாச்சியிடம் கால் கிலோ ரவை, ஐம்பது கிராம் கடுகு என்று கேட்கலாம். மூட்டையிலிருந்து அள்ளித் தராசில் போட்டு, கடைசியில் ஒரு சிட்டிகையைத் திரும்ப எடுப்பார். அந்தச் சிட்டிகைதான் என் மனைவிக்குக் கோபம். வரியிலும் ஒரு வித்தியாசம் உண்டு: 2022 ஜூலை 18 முதல் அரிசி, பருப்பு, மாவுக்கெல்லாம் 25 கிலோ வரை பாக்கெட் போட்டு லேபிள் ஒட்டினால் 5 சதவீத ஜிஎஸ்டி. மூட்டையைப் பிரித்துச் சில்லறையாக நிறுத்தால் அந்த வரி இல்லை. போன வாரம் ரவை கேட்டதற்கு, "இன்னைக்கு வேண்டாம் சார், அடி மூட்டை. நாளைக்குப் புதுசு பிரிக்கிறேன்" என்றார். அன்று சேமியா.

குறையும் உண்டு. மசாலா பாக்கெட்டில் தேதி பார்த்தே வாங்க வேண்டும்; காலாவதியான ஒன்று எனக்கே வந்தது. கேட்டதும் மாற்றிக் கொடுத்தார், சரி. ஐந்தாறு பேர் இருக்கும் வீட்டில் கிலோ ரவை ஒரு வாரத்தில் தீர்ந்துவிடும். அங்கே என் கணக்கு எடுபடாமல் போகலாம். ஆப்பையும் நான்கு மாதம்தான் பயன்படுத்தினேன், அதுவும் மழைக்காலத்தில்.

அப்புறம், கோயில் கொடைத் திருவிழாவுக்கு அண்ணாச்சி ஊருக்குப் போனால் பத்து நாள் ஷட்டர் இறங்கிவிடும். அப்போது சூப்பர் மார்க்கெட்டின் அரைக் கிலோ பாக்கெட்டுதான், பிரித்த கையோடு ஃப்ரிட்ஜுக்குள்.