புருவ அரிப்பு, இமை அரிப்பு: பல வருடப் பழக்கத்தில் எது கைகொடுத்தது

புருவத்திலும் இமை விளிம்பிலும் வருகிற அரிப்பை வீட்டில் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. “உடம்பில் சூடு ஏறியிருக்கும், எண்ணெய் தேய்த்துக் குளி” என்பதோடு பேச்சு முடிந்துவிடும். ராத்திரி படுத்த பிறகு இமை ஓரம் நமநமவென்று அரிக்க ஆரம்பித்தால் தூக்கம் எப்படிக் கெடும் என்பது அனுபவிப்பவருக்குத்தான் தெரியும். காலையில் எழுந்தால் இமைமுடியில் பீளை ஒட்டியிருக்கும், புருவத்திலிருந்து வெள்ளைச் செதில் உதிரும். எனக்கு இது நாற்பதை நெருங்கும் வயதில் ஆரம்பித்தது. இப்போதும் முழுதாக விட்டுப் போகவில்லை, ஆனால் நல்ல கட்டுப்பாட்டில் இருக்கிறது. நான் பயன்படுத்திப் பார்த்தவற்றில் எது உதவியது, எது வீண் செலவு என்று எழுதி வைத்தால் இதே தொல்லை உள்ளவர்களுக்குப் பயன்படும்.

புருவ அரிப்பும் இமை அரிப்பும் சேர்ந்தே வந்தாலும் இரண்டுக்கும் ஒரே மருந்து கிடையாது. எனக்குப் புருவத்தில் இருந்தது தலைப்பொடுகின் உறவு, செபோரிக் டெர்மடைட்டிஸ். இமையில் இருந்தது பிளெஃபரைட்டிஸ், அதாவது இமை விளிம்பின் அழற்சி. முதலாவதைச் சரும மருத்துவர் பார்த்தார், இரண்டாவதைக் கண் மருத்துவர் பார்த்தார். இருவரும் சொன்னது ஒன்றுதான்: “இதை ஒரேயடியாக ஒழிச்சிடலாம்னு நினைக்காதீங்கம்மா. தினமும் கவனிச்சா அடங்கி இருக்கும், விட்டா திரும்ப வரும்.” இதை ஏற்றுக்கொண்ட பிறகுதான் புதுப்புது மருந்து தேடி அலைவது நின்றது.

முதலில் புருவம். பொடுகு தலையில் மட்டும் வருவதில்லை. எண்ணெய்ப் பசை அதிகம் சுரக்கும் இடமெல்லாம் வரும்: புருவம், மூக்கோரம், காதுக்குப் பின்புறம். நம் எல்லோருடைய தோலிலும் மலசீசியா என்ற ஒரு வகைப் பூஞ்சை இருக்கிறது. அது நம் தோல் சுரக்கும் கொழுப்பைத் தின்று வாழ்கிறது. சிலருடைய தோல் அதற்கு எரிச்சலோடு எதிர்வினை காட்டுகிறது, அவ்வளவுதான். அழுக்கினால் வருவது இல்லை, அடுத்தவருக்கு ஒட்டுவதும் இல்லை. மன அழுத்தம், தூக்கமின்மை, குளிர்ந்த வறண்ட காற்று எல்லாம் இதைக் கிளப்பிவிடும். எனக்கு மார்கழி, தை மாதங்களில் கண்டிப்பாக அதிகமாகும்.

நம் ஊரில் புருவத்துக்கு விளக்கெண்ணெய் தடவும் பழக்கம் இருக்கிறது. அடர்த்தியாக வளரும் என்று அம்மாவும் சொல்வார். செதில் இல்லாத புருவத்துக்கு அதில் பெரிய கெடுதல் இல்லை. செதிலும் அரிப்பும் இருக்கும்போது நான் தடவுவதில்லை, ஏனென்றால் அந்தப் பூஞ்சைக்குத் தேவையான தீனியே கொழுப்பு அமிலங்கள்தான். எண்ணெய் போட்ட அன்று செதில் படிந்து மறைந்துவிடுவதால் குணமானது போலத் தெரியும். இரண்டு நாளில் இன்னும் சிவந்து நிற்கும்.

எனக்குப் பலன் தந்தது கீட்டோகோனசோல் என்ற பூஞ்சை மருந்து 2 சதவீதம் உள்ள ஷாம்பு. தலைக்குப் போடும்போதே விரல் நுனியில் கொஞ்சம் எடுத்து, கண்ணை மூடிக்கொண்டு புருவத்தில் தேய்த்து, மூன்றிலிருந்து ஐந்து நிமிடம் விட்டுக் கழுவ வேண்டும். அந்த நேரம் விடுவதுதான் முக்கியம். போட்டவுடன் கழுவிவிட்டால் மருந்து வேலை செய்ய இடமே இல்லை. ஆரம்பத்தில் வாரம் இரண்டு முறை, அடங்கிய பிறகு வாரம் ஒரு முறை. குறை என்றால், புருவ முடி கொஞ்சம் வறண்டு முரடாகும். கண்ணுக்குள் போனால் நன்றாகவே எரியும். அதனால் இமைக்கு இதைக் கொண்டு போகவே கூடாது. இத்தனை வருடத்தில் செலவுக்கு ஏற்ற பலன் தந்தவற்றில் முதலிடம் இதற்குத்தான்.

இப்போது இமை. மேல் இமையிலும் கீழ் இமையிலும் விளிம்பை ஒட்டி வரிசையாக எண்ணெய்ச் சுரப்பிகள் இருக்கின்றன. மேலே சுமார் 25 முதல் 40, கீழே 20 முதல் 30. 17ஆம் நூற்றாண்டில் இவற்றை விவரித்த ஜெர்மானிய மருத்துவர் ஹைன்ரிஷ் மைபோமின் பெயரால் மைபோமியன் சுரப்பிகள் என்கிறார்கள். ஒவ்வொரு முறை கண் சிமிட்டும்போதும் இவை மெல்லிய எண்ணெயைக் கண்ணீரின் மேல் பரப்பி, கண்ணீர் ஆவியாகாமல் காக்கின்றன. பிளெஃபரைட்டிஸ் உள்ளவர்களுக்கு இந்த எண்ணெய் குளிர்காலத்து நெய் போல உறைந்து வாயை அடைத்துக்கொள்கிறது. விளிம்பு வீங்கி, கண் காய்ந்து, அரிக்கிறது. அடிக்கடி கண்கட்டி வருவதற்கும் பெரும்பாலும் இந்த அடைப்புதான் காரணம். நாள் முழுக்கக் கணினி பார்ப்பவர்கள் குறைவாகச் சிமிட்டுவதால் இன்னும் சிரமம். ஏசி அறையில் உட்காருபவர்களுக்குச் சொல்லவே வேண்டாம்.

உறைந்ததை உருக்க வெதுவெதுப்பான ஒத்தடம்தான் வழி. கேட்க எளிமையாக இருப்பதால் பலரும் இதை மதிப்பதில்லை. இமையின் மேல் ஏறத்தாழ 40 டிகிரி செல்சியஸ் சூடு ஐந்திலிருந்து பத்து நிமிடம் தொடர்ந்து நிற்க வேண்டும். வெந்நீரில் நனைத்த துணி ஒன்றிரண்டு நிமிடத்தில் ஆறிவிடும். திரும்பத் திரும்ப நனைத்துக்கொண்டே இருக்க வேண்டும், அதற்குள் பொறுமை போய்விடும். கையில் நேரம் இருக்கிறவர்களுக்குத் துணியே போதும். எனக்கு வசதியாக இருப்பது சூடாக்கும் கண் மாஸ்க். உள்ளே மணி போன்ற உருண்டைகள் இருக்கும், மைக்ரோவேவில் சில நொடி வைத்தால் பத்து நிமிடம் சூடு தாங்கும். கண்ணில் வைக்கும் முன் மணிக்கட்டின் உட்புறத்தில் வைத்துச் சூட்டைப் பார்த்துக்கொள்ளுங்கள். இமைத் தோல் உடம்பிலேயே மிக மெல்லியது, சுட்டுக்கொள்வது சுலபம்.

ஒத்தடம் முடிந்த கையோடு, மேல் இமையை மேலிருந்து கீழாகவும் கீழ் இமையைக் கீழிருந்து மேலாகவும் சுத்தமான விரலால் மெதுவாக நீவிவிட வேண்டும். அப்புறம் இமைமுடியின் அடியைத் துடைக்க வேண்டும். ஆரம்பத்தில் மருத்துவர் சொன்னபடி பேபி ஷாம்புவைத் தண்ணீரில் கலந்து பஞ்சால் துடைத்தேன். மலிவு, எங்கும் கிடைக்கும், செதிலும் போகும். ஆனால் கண் இன்னும் காய்ந்தது போல இருந்தது. பிறகு இமைக்கென்றே தயாரான துடைப்பானுக்கு மாறினேன், விலை அதிகம்தான். நியூசிலாந்தில் இரண்டையும் ஒப்பிட்டுச் செய்த ஓர் ஆய்வில், பேபி ஷாம்பு கண்ணீருக்குத் தேவையான சளிப்படலத்தைச் சுரக்கும் செல்களைப் பாதிக்கலாம் என்று தெரிந்ததாகப் படித்தபோது என் அனுபவத்தோடு பொருந்தியது. கையைக் கடித்தால் பேபி ஷாம்புவே போதும். சும்மா இருப்பதைவிட அது எவ்வளவோ மேல்.

இந்த ஒத்தடம், நீவல், துடைப்பு மூன்றையும் முதல் மாதம் காலை, இரவு இரண்டு வேளையும் செய்யச் சொன்னார்கள். பலன் உடனே தெரியவில்லை. சில வாரங்கள் கழித்துத்தான் காலை பீளை குறைந்தது. இப்போது இரவில் மட்டும் செய்கிறேன். பண்டிகை, ஊர்ப் பயணம் என்று ஒரு வாரம் விட்டுப்போனால் அரிப்பு தலை காட்டும்.

அடுத்தது பலரும் அருவருப்படையும் விஷயம், ஆனாலும் சொல்லியாக வேண்டும். டெமோடெக்ஸ் என்ற நுண்ணிய பூச்சிகள் நம் முடிக்கால்களுக்குள் வாழ்கின்றன. நீளம் ஒரு மில்லிமீட்டரில் மூன்றில் ஒரு பங்குதான். வயது ஏற ஏற இவை இருப்பவர்களின் எண்ணிக்கையும் ஏறும். பெரும்பாலானோருக்கு ஒரு தொந்தரவும் தராது. எண்ணிக்கை மிகுந்தால்தான் இமை அரிக்கும். மருத்துவர் ஸ்லிட் லாம்ப் என்ற, கண்ணைப் பெரிதாக்கிக் காட்டும் கருவி முன் உட்கார வைத்துக் கீழே பார்க்கச் சொல்வார். மேல் இமைமுடியின் அடியில் குழாய் போலச் செதில் சுற்றியிருந்தால் அதுதான் இதன் அடையாளம். இமை அரிப்போடு போகிறவர்கள், கீழே பார்க்க வைத்து முடியின் அடியைப் பார்த்தார்களா என்று கவனியுங்கள். நேராகப் பார்த்துக்கொண்டிருந்தால் அந்தச் செதில் எளிதில் கண்ணில் படாது.

எனக்கு அது இருந்தது. டீ ட்ரீ என்ற ஆஸ்திரேலிய மரத்தின் சாறு கலந்த துடைப்பான் எழுதிக் கொடுத்தார்கள். முதல் சில நாட்கள் எரிந்தது, பிறகு பழகியது. அந்தப் பூச்சியின் வாழ்நாள் இரண்டு மூன்று வாரம் என்பதால், முட்டையிலிருந்து வரும் அடுத்த தலைமுறையும் அடங்கும் வரை விடாமல் செய்ய வேண்டும். நான் சில மாதங்கள் செய்தேன், ராத்திரி அரிப்பு பாதிக்கு மேல் குறைந்தது. தலையணை உறையை வெந்நீரில் துவைப்பதும் கூடவே. கடையில் கிடைக்கும் டீ ட்ரீ எண்ணெயை அப்படியே இமையில் தடவாதீர்கள், கண்ணின் மேற்பரப்பு புண்ணாகிவிடும். இந்தப் பூச்சிக்கென்றே லோட்டிலானர் என்ற சொட்டு மருந்துக்கு அமெரிக்காவில் 2023 ஜூலையில் ஒப்புதல் கிடைத்திருக்கிறது. தினம் இரண்டு முறை, ஆறு வாரம் போடுவது. நான் பயன்படுத்தியதில்லை.

செதிலும் இல்லை, பீளையும் இல்லை, இமை மட்டும் திடீரென்று தடித்து அரிக்கிறது என்றால் ஒவ்வாமையைத்தான் முதலில் சந்தேகிக்க வேண்டும். அதிலும் முகத்தில் போட்ட பொருளை மட்டும் பார்த்தால் போதாது. நகப்பூச்சு நல்ல உதாரணம். விரலில் ஒன்றும் ஆகாது, அந்த விரல் அடிக்கடி தொடும் இமையில் தடிப்பு வரும். தலைச்சாயத்தில் உள்ள பிபிடி என்ற ரசாயனம் இன்னொன்று. ‘கருப்பு மெஹந்தி’ என்று விற்கும் பாக்கெட்டிலும் அது இருக்கும், மருதாணி என்று பெயர் போட்டிருப்பதால் நம்பிவிடக் கூடாது. என் தோழிக்குச் சாயம் போட்ட மறுநாள் இமை இரண்டும் கண் திறக்க முடியாத அளவு வீங்கிவிட்டன. ஸ்டிக்கர் பொட்டும் கணக்கில் வரும். அதன் பசை புருவங்களுக்கு நடுவே அரிப்பைத் தரும், சிலருக்குத் தோல் நிறம் வெளுத்துவிடும். வெளுத்த இடம் எளிதில் பழைய நிறத்துக்குத் திரும்பாது. அரிக்க ஆரம்பித்தவுடனே பொட்டை மாற்றிவிடுவது நல்லது. கண்மையை இமையின் உள்விளிம்பில் இழுப்பதையும் நான் விட்டுவிட்டேன். சுரப்பிகளின் வாய் சரியாக அங்கேதான் இருக்கிறது.

மருந்துக்கடை கிரீம் பற்றி அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. அரிப்பு என்று கேட்டாலே ஸ்டீராய்டு, பூஞ்சை மருந்து, ஆன்டிபயாடிக் மூன்றும் கலந்த டியூப் ஒன்றை எடுத்துக் கொடுக்கிறார்கள். என் அக்காவுக்கு அப்படித்தான் கொடுத்தார்கள். ஒரே நாளில் அரிப்பு நின்றது. நிறுத்தினால் முன்பைவிட மோசமாகத் திரும்பியது, மறுபடி போட்டார், மாதக்கணக்கில் இப்படியே போனது. புருவத்தைச் சுற்றித் தோல் மெலிந்து சிவப்பு நரம்புகள் தெரிய ஆரம்பித்தன. இமையருகே தொடர்ந்து ஸ்டீராய்டு போட்டால் கண் அழுத்தம் ஏறி, பார்வை நரம்பைக் கெடுக்கும் கிளாக்கோமா வரலாம், கண்புரையும் வரலாம். கிளாக்கோமாவில் போன பார்வை திரும்பாது. மருத்துவர் வீரியம் குறைந்ததைச் சில நாட்களுக்கு எழுதிக் கொடுத்தால் பயப்பட வேண்டியதில்லை, எனக்கும் கொடுத்திருக்கிறார்கள். சீட்டு இல்லாமல் வாங்கி நீங்களாகத் தொடர்வதுதான் ஆபத்து. டியூபில் பீட்டாமெத்தசோன், குளோபெட்டசால், மொமெட்டசோன் என்று ஏதாவது பெயர் இருந்தால் அது ஸ்டீராய்டு.

மற்றவை சுருக்கமாக. மீன் எண்ணெய் மாத்திரை: வாங்கிச் சாப்பிட்டேன், வித்தியாசம் தெரியவில்லை. அமெரிக்காவில் 535 பேரிடம் நடத்தி 2018ல் வெளியான பெரிய ஆய்விலும், கண் வறட்சிக்கு அது ஆலிவ் எண்ணெய் மாத்திரையைவிடக் கூடுதலாக உதவவில்லை என்றுதான் முடிவு. கண்ணீர் போன்ற சொட்டு மருந்து: நன்றாக உதவுகிறது, அடிக்கடி போடுவதாக இருந்தால் பதப்பொருள் சேர்க்காததைக் கேட்டு வாங்குங்கள். தாய்ப்பால், வெங்காயச் சாறு, எலுமிச்சை: கண் பக்கமே வேண்டாம். எண்ணெய்க் குளியலை விடவில்லை, ஆனால் சீயக்காய்த் தூள் கண்ணில் படாமல் தலையைப் பின்னால் சாய்த்து அலசுகிறேன்.

தேய்ப்பதை நிறுத்துவது மருந்தைவிடக் கடினம். தேய்க்கத் தேய்க்க அரிப்பு ஏறும், இமைமுடி கொட்டும், நாளடைவில் கருவிழியின் வடிவமே கூர்மையாகிவிடும் அபாயமும் உண்டு, குறிப்பாக இளம் வயதினருக்கு. குளிர்ந்த நீரில் நனைத்த துணியை மூடிய கண் மேல் கொஞ்ச நேரம் வைத்தால் எனக்கு அந்த நேரத்து அரிப்பு அடங்கும்.

கண் வலி, வெளிச்சம் பார்க்கக் கூசுதல், பார்வை மங்கல் இருந்தால் அன்றைக்கே கண் மருத்துவரிடம் போங்கள். ஒரே ஒரு இமை மட்டும் மாதக்கணக்கில் தடித்து, அந்த இடத்தில் முடி உதிர்ந்தாலோ, வயதானவர்களுக்கு ஒரே இடத்தில் கண்கட்டி திரும்பத் திரும்ப வந்தாலோ சதைப் பரிசோதனை (பயாப்ஸி) கேட்க வேண்டும். இமைச் சுரப்பியில் வரும் ஒரு வகைப் புற்றுநோய் வெறும் இமை அழற்சி போலவே தோற்றம் காட்டும். அரிப்பே இல்லாமல் புருவத்தின் வெளிப்பக்கம் உதிர்ந்தால் தைராய்டு பரிசோதனை செய்துகொள்ளுங்கள். அதோடு உடம்பில் உணர்ச்சியற்ற தேமலும் இருந்தால் தொழுநோய் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும், அதற்கான கூட்டு மருந்து அரசு ஆரம்ப சுகாதார நிலையங்களில் இலவசமாகவே கிடைக்கிறது.