நாழிகைக்கொடி: நீண்டகால வளர்ப்பு அனுபவம்

நாழிகைக்கொடியைப் பல பருவங்களாக வளர்த்து வருகிறேன். அதை வாங்க எண்ணுவோருக்கு முதலில் சொல்ல வேண்டியது, நேரத்தை மிச்சப்படுத்தும் செடி என்று சொல்லி விற்கப்படும் இக்கொடி எவருடைய நேரத்தையும் மிச்சப்படுத்துவதில்லை என்பதுதான். தழைக்கும் பருவத்தில் அதைச் சுற்றியுள்ள வளையத்தில் காலம் விரைகிறது. பூக்கும் பருவத்தில் அதே வளையத்தில் காலம் தேங்குகிறது. வளையத்துக்குள் அமர்ந்து ஒரே இரவில் ஒரு சுவடியைப் படியெடுத்து முடிப்பவர், அந்த ஓர் இரவுக்குள் பல இரவுகளின் மூப்பையும் பசியையும் உறக்கக் குறைவையும் சேர்த்தே பெறுகிறார் என்பதை விற்பவர்கள் சொல்வதில்லை.

தோற்றத்தில் இது செங்காந்தளை ஒத்திருக்கும். இலை நுனியே பற்றுக்கம்பியாகச் சுருண்டு கொம்பைப் பிடிக்கும்; கிழங்கும் கலப்பை வடிவில் கவைத்திருக்கும். நீர் தேங்காத மணற்பாங்கான மண் வேண்டும். தேங்கினால் கிழங்கு அழுகிவிடும். செங்காந்தளில் உள்ள கொல்கிசின் நஞ்சு இதன் எல்லாப் பாகங்களிலும் உண்டு. அந்த நஞ்சின் அறிகுறிகள் தெரியவே பல மணி நேரம் ஆகலாம் என்பதால் வெளியில் இருப்பவருக்கு மருத்துவரை அடைய அவகாசம் உண்டு. விரையும் வளையத்துக்குள் மயங்கி விழுந்தவருக்கோ, வெளியிலிருப்பவர் திரும்பிப் பார்ப்பதற்குள் அந்த அவகாசம் முழுவதும் கடந்துவிடும். ஆகவே கிழங்கைத் தொட்ட கையைக் கழுவாமல் வளையத்துக்குள் எதையும் உண்ணலாகாது.

வளர்ப்பில் பெரும்பாலோர் தோற்பது ஒளியின் கணக்கில்தான். உள்ளே காலம் 3 மடங்கு விரைகிறது என்று கொள்வோம். வெளியே கதிரவன் ஒரு நாளைக்குத் தரும் ஒளியை உள்ளே 3 நாள்களுக்குப் பங்கிட வேண்டியிருக்கிறது. அதனால் வளையத்தின் உட்புறம் உச்சிவேளையிலும் மங்கலாகவும் செம்மை படர்ந்தும் குளிர்ந்தும் இருக்கும். கொடி அந்த மங்கலுக்குப் பழகியது. அதனருகே விரைவில் காய்க்கும் என்று நம்பி நட்ட கன்றுகள் வெளிறி, ஒல்லியாக நீண்டு, இறந்து போகும். உரம் போட்டால் தேறும் என்பது வீண் நம்பிக்கை. நீரின் நிலையும் இதுவே: உள்ளேயிருக்கும் தொட்டி நாளுக்கு ஒருமுறை நீர் கேட்குமானால், வெளியிலிருந்து ஊற்றுபவர் ஒரு நாளில் 3 முறை ஊற்ற வேண்டும்.

வேகத்தை அளக்க நாழிகை வட்டிலே போதும். அடியில் துளையுள்ள ஒரே அளவான இரண்டு வட்டில்களை நீர்ப் பாத்திரங்களில் மிதக்கவிட்டு, ஒன்றை உள்ளேயும் மற்றொன்றை வெளியேயும் வைக்க வேண்டும். வெளிவட்டில் ஒருமுறை மூழ்கும் 24 நிமிடங்களில் உள்வட்டில் எத்தனை முறை மூழ்குகிறதோ அதுவே வேகம். நிழற்கடிகாரத்தை வளையத்துக்குள் நட்டுப் பார்த்து, வேறுபாடே இல்லை என்று வாதிடுவோரைக் கண்டிருக்கிறேன். நிழலை நகர்த்தும் கதிரவன் வளையத்துக்கு வெளியே இருக்கிறான் என்பதை அவர்களுக்கு விளக்குவது கொடியை வளர்ப்பதைவிடக் கடினம்.

எல்லையை இலைப்பரப்பை வைத்துக் கணிப்பது ஆபத்தானது. வளையம் வேர் செல்லும் தூரம்வரை செல்கிறது. வேரோ கொடியின் நிழலைத் தாண்டி வெகுதூரம் ஓடும். எனவே கிழங்கைச் சுற்றி ஆழமான கற்சுவர் எழுப்பி வேரை அடக்குவதும், சுவரின் விளிம்பிலேயே வேலியிடுவதும் கட்டாயம். இரண்டு கொடிகளின் வேர்கள் ஒன்றையொன்று தொட நேர்ந்தால் வேகங்கள் கூடுவதில்லை, பெருகுகின்றன: மும்மடங்கும் மும்மடங்கும் சேர்ந்து ஒன்பது மடங்காகும். அடுத்த எச்சரிக்கை, எல்லையில் நின்றுகொண்டு கையை மட்டும் உள்ளே நீட்டக் கூடாது. உள்ளே விரைந்து வாழும் கைக்கு வெளியே நிதானமாகத் துடிக்கும் இதயம் போதிய குருதியை அனுப்ப இயலாது. விரல்கள் முதலில் மரத்து, பிறகு நீலம் பாரிக்கும். தேங்கும் பருவத்தில் இதற்கு நேர்மாறாகக் குருதி கையில் திரண்டு வீக்கம் காணும். நுழைவதானால் முழு உடலோடும் தயங்காமல் நுழைய வேண்டும். களை பறிக்க நீண்ட காம்புடைய கருவியே ஏற்றது.

பூக்கும் பருவத்தில் ஒளியின் கணக்கு தலைகீழாகும். வெளியுலகின் பல நாள் வெயில் உள்ளே ஒரே நாளில் இறங்குவதால், அடர்த்தியான பந்தல் இல்லாவிட்டால் கொடி தன் பூக்களையே கருக்கிக்கொள்ளும். பூ அழகானது, அதைப் பார்ப்பதற்காக உள்ளே சென்று திரும்புபவர், தமக்காகக் காத்திருந்தவர் சலித்துப் போய்விட்டதைக் காண்பார்.

அப்படியானால் இதனால் பயனே இல்லையா என்றால், உண்டு. விரையும் வளையத்தில், வெளியிலிருந்து எதையும் எதிர்பாராத பொருள்களுக்கு மட்டும். நீற்றிய சுண்ணாம்பை நீருக்கடியில் நெடுநாள் வைத்திருந்தால் அது மேலும் குழைந்து தரம் உயரும். அதற்கு ஒளியும் வேண்டாம், காற்றும் வேண்டாம். மண்ணுக்குள் இருளிலேயே முளைவிடும் பனங்கொட்டைக்கும் ஒளி வேண்டாம். இவ்விரண்டிலும் கொடி எனக்குக் குறைவைத்ததில்லை. முளை மண்ணைப் பிளந்து மேலே வரும்போது தொட்டியை வெளியே எடுத்துவிட வேண்டும்.

வாங்குவோர் உறக்கப் பருவத்தில், முளை காணாத கிழங்கையே வாங்குக. முளைவிட்ட கிழங்குக்குச் சிறிய வளையம் உண்டு. அதை மடியில் கட்டிக்கொண்டு நெடுந்தூரம் நடப்பவருக்கு அந்த இடத்தில் மட்டும் தோல் சுருங்கும், பின்னர் அது சரியாவதில்லை.