பொதுச் சாவியும் தனிச் சாவியும்: பல வருடப் பயன்பாட்டுக்குப் பிறகு

சர்வருக்குள் நுழைய, மென்பொருளில் கையொப்பமிட, மின்னஞ்சலைப் பூட்ட, இணையக் கணக்குகளைத் திறக்க என எல்லாவற்றுக்கும் பல வருடங்களாகச் சாவி ஜோடிகளைத்தான் (கணிதத்தால் இணைந்த ஒரு பொதுச் சாவி, ஒரு ரகசியத் தனிச் சாவி) பயன்படுத்துகிறேன். அடிப்படை எல்லாவற்றுக்கும் ஒன்றுதான்: பொதுச் சாவியை யாருக்கும் தரலாம், அதிலிருந்து தனிச் சாவியைக் கணக்கிட்டு எடுப்பது நடைமுறையில் முடியாது. ஆனால் பயன்படுத்திய அனுபவம் ஒவ்வொன்றிலும் வேறு.

எனக்கு அதிகத் திருப்தி தந்தது எஸ்எஸ்எச், அதாவது தொலைவிலுள்ள சர்வருக்குள் பாதுகாப்பாக நுழையும் முறை. நுழையும்போது அந்த இணைப்புக்கே உரிய ஒரு தரவில் என் கணினி தனிச் சாவியால் கையொப்பமிடும். சர்வர் தன்னிடமுள்ள பொதுச் சாவியால் அதைச் சரிபார்க்கும். தனிச் சாவி என் கணினியை விட்டு வெளியே போவதே இல்லை. அதனால் யாராவது சர்வரை உடைத்தாலும் என் சாவி அங்கே கிடைக்காது. முதலில் ஆர்எஸ்ஏ என்ற பழைய வகைச் சாவி வைத்திருந்தேன். எஸ்எஸ்எச்சுக்கான மென்பொருளான ஓப்பன்எஸ்எஸ்எச் 2014இல் இடி25519 என்ற புதிய வகையைக் கொண்டுவந்த பிறகு அதற்கு மாறினேன். பொதுச் சாவி வெறும் 32 பைட். நகலெடுத்து ஒட்ட ஒரு சின்ன வரி போதும்.

ஒரு புதிய சர்வரோடு முதன்முறை இணையும்போது அதன் பொதுச் சாவியை அடையாளம் காட்டும் சுருக்கக் குறியீட்டை, அதாவது 'கைரேகையை'க் காட்டி "நம்பலாமா?" என்று கேட்கும். பலர் பார்க்காமலே 'யெஸ்' அடித்துவிடுகிறார்கள். எனக்கு இதுதான் பெரிய கவலை. முன்பின் அறியாத இருவர், பிறர் ஒட்டுக்கேட்கக்கூடிய திறந்த தடத்திலேயே தங்களுக்குள் ஒரு ரகசியம் உருவாக்க முடியும் என்று டிஃபி, ஹெல்மன் என்ற ஆய்வாளர்கள் இருவரும் 1976இல் காட்டிவிட்டார்கள். ஆனால் மறுமுனையில் இருப்பது யார்? அதைக் கணிதம் மட்டும் சொல்லாது. இணையதளங்களுக்குச் சான்றிதழ் நிறுவனங்கள் அதை உறுதி செய்கின்றன. எஸ்எஸ்எச்சில் பெரும்பாலும் நாமேதான் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும்.

மின்னஞ்சலைப் பூட்ட ஜிபிஜி என்ற மென்பொருள்? யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன். அனுப்புநர், பெறுநர், பெரும்பாலும் தலைப்பு வரியும் பூட்டப்படாமலே போகும். அதைவிட மோசம், தனிச் சாவி ஒருநாள் கசிந்தால் அந்தச் சாவிக்குப் பூட்டிய பழைய கடிதங்கள் அத்தனையும் திறந்துகொள்ளும். உரையாடலுக்குச் சாவியை மாற்றிக்கொண்டே போகும் சிக்னல் போன்ற செயலி எவ்வளவோ மேல். மென்பொருள் வெளியீடுகளில் கையொப்பமிட மட்டும் ஜிபிஜியை இன்னும் வைத்திருக்கிறேன்; அந்த வேலையை நன்றாகவே செய்கிறது.

வீட்டில் உள்ளவர்களுக்கு என்ன வாங்கித் தரலாம் என்று கேட்டால், தயங்காமல் யுஎஸ்பி பாதுகாப்புச் சாவி என்பேன்; கணினியில் செருகித் தொட்டால், உள்ளிருக்கும் தனிச் சாவியால் கையொப்பமிட்டுக் கணக்கைத் திறக்கும் சிறு கருவி அது. நுழைவுப் பக்கத்தின் முகவரியும் கையொப்பத்தோடு பிணைந்திருப்பதால், அசலைப் போலவே இருக்கும் போலிப் பக்கத்தில் தொட்டாலும் திருடனுக்கு உதவும் எதுவும் போய்ச் சேராது. ஆனால் இரண்டு வாங்கி இரண்டையும் பதிவு செய்ய வேண்டும்; ஒன்று தொலைந்தால் இன்னொன்றுதான் காப்பாற்றும். ஃபோனிலோ கணினியிலோ சேமித்து வைக்கும் பாஸ்கீ இதன் வசதியான வடிவம். சாதனங்களுக்கிடையே ஒத்திசைத்தால், அந்த ஒத்திசைவுக் கணக்கைத்தான் அதிகம் காக்க வேண்டும்.

குவாண்டம் கணினி வருங்காலத்தில் இன்றைய சாவிகளை உடைத்துவிடுமா என்று பலர் கேட்கிறார்கள். இணைப்பில் போகும் தரவை இன்று பதிவுசெய்து வைத்துப் பிற்பாடு உடைக்கலாம் என்பதால், இரு முனைகளும் ரகசியம் உருவாக்கிக்கொள்ளும் சாவிப் பரிமாற்றம்தான் முதலில் மாற வேண்டியது. ஓப்பன்எஸ்எஸ்எச் குவாண்டம் தாக்குதலைத் தாங்கும் பரிமாற்றத்தை 2022இலேயே இயல்புநிலையாக மாற்றிவிட்டது. இரண்டு முனைகளிலும் மென்பொருளைப் புதுப்பித்தாலே போதும், அதற்காக நம் சாவி ஜோடிகளைத் தொட வேண்டியதில்லை.