முகம் காட்டுவதா, மறைப்பதா, கலந்து சொல்வதா?

வன்முறையிலிருந்தோ ஆட்கடத்தலிலிருந்தோ மீண்ட ஒருவரின் கதையை விழிப்புணர்வுப் பிரசாரத்தில் மூன்று விதமாகச் சொல்கிறார்கள்: பெயரும் முகமும் காட்டி, அடையாளத்தை மறைத்து, பலரது அனுபவங்களை ஒரே பாத்திரமாகக் கலந்து.

முகம் காட்டும் வழிக்கே வலிமை அதிகம். ஈராக்கின் சிறுபான்மை யாசிதி மதத்தைச் சேர்ந்த நாடியா முராத், ஐ.எஸ். பயங்கரவாதிகளின் அடிமைப்பிடியிலிருந்து தப்பியவர். 2015இல் ஐ.நா. பாதுகாப்பு சபையில் சொந்தப் பெயரில் பேசினார். யாசிதிப் பெண்களுக்கு நடந்ததை உலகம் கேட்டது. 2018இல் அமைதிக்கான நோபல் பரிசும் அவருக்குக் கிடைத்தது. ஆனால் பிரசாரங்களில் பெரும்பாலும் நடப்பது வேறு. கதையை வெளியிட ஒப்புதல் கேட்டுப் படிவத்தை நீட்டுபவர், மீட்கப்பட்டவர்கள் தங்கும் காப்பகத்தின் ஊழியர். கையெழுத்திடுபவர் அங்கே உண்டு உறங்குபவர். மீட்கப்பட்ட சில நாட்களிலேயே, சோறு போடும் இடத்தில், 'மாட்டேன்' என்று சொல்ல யாருக்கு வாய் வரும்? அந்தக் கையெழுத்தை ஒப்புதல் என்று என்னால் ஏற்க முடியவில்லை. ஒப்புதலைத் தருவது எவ்வளவு எளிதோ, திரும்பப் பெறுவதும் அவ்வளவு எளிதாக இருக்க வேண்டும் என்கிறது, 2018 முதல் நடைமுறையில் உள்ள ஐரோப்பிய ஒன்றியத் தரவுப் பாதுகாப்பு விதி. ஊரெங்கும் பகிரப்பட்ட காணொளியை எப்படித் திரும்பப் பெறுவது?

ஆகவே என் தேர்வு அடையாளத்தை மறைப்பதுதான். அதையும் அரைகுறையாகச் செய்தால் ஆபத்து. முகத்தை மங்கலாக்கிவிட்டு, மணிக்கட்டில் குத்திய பச்சையையும் பின்னால் தெரியும் பள்ளிப் பெயர்ப்பலகையையும் அப்படியே விட்டுவிடுகிறார்கள். தெரிந்தவர்களுக்கு அது போதும். குரல் ஒன்றே போதும். வயது, தொழில், உடன்பிறந்தோர் எண்ணிக்கை எல்லாவற்றையும் மாற்ற வேண்டும். முகத்துக்குப் பதிலாக இருட்டு மூலையில் குனிந்த தலையை வைப்பதும் வேண்டாம். மீண்டு வந்தவரை மறுபடி அதே அறையில் அடைத்துவைப்பது போன்றது அது.

கலவைக் கதை தனி ஒருவரைக் காட்டிக்கொடுக்காது. பயிற்சி வகுப்புகளுக்கு மிகவும் பொருத்தம். அது கலவை என்று முதல் வரியிலேயே சொல்லிவிட வேண்டும். மறைத்து, பிறகு வெளியே தெரிந்தால், உண்மையைச் சொன்ன மற்றவர்கள்மீதும் சந்தேகம் விழும்.

எந்த வழியானாலும் கூலி உண்டு. புகைப்படக்காரருக்குப் பணம், அச்சகத்துக்குப் பணம், கதைக்கு உரியவருக்கு மட்டும் நன்றி என்பது அநியாயம். வெளியிடும் முன் இறுதி வடிவத்தை அவரிடம் காட்டுங்கள். கூடவே, 'எடுத்துவிடுங்கள்' என்று அவர் நாளை சொன்னால் யார் எடுப்பார், எத்தனை நாளில் எடுப்பார், எந்த எண்ணில் அழைக்கலாம் என்று ஒரு தாளில் எழுதி அவர் கையில் கொடுங்கள்.