லூசில் பாலா, லொரெட்டா யங்கா?

1950களின் அமெரிக்க நடிகைகளில் யாராவது ஒருவரை முழுசாகப் பார்த்துவிட வேண்டும் என்று உட்கார்ந்தேன். கடைசியில் இரண்டு பேர் மிஞ்சினார்கள். இருவரும் சினிமாவிலிருந்து டிவிக்கு வந்தவர்கள், தங்கள் தொடர் தொடங்கும்போது இருவருக்கும் 40 வயது. நான் லூசில் பாலை எடுத்துக்கொண்டேன்.

சினிமாவை மட்டும் கணக்கில் எடுத்தால் லொரெட்டா யங்தான் மேலே. மௌனப்பட காலத்திலேயே குழந்தையாகத் திரைக்கு வந்தவர். 1947இல் வந்த ‘தி ஃபார்மர்ஸ் டாட்டர்’ படத்துக்குச் சிறந்த நடிகை ஆஸ்கர் வாங்கினார். லூசில் ஆர்கேஓ, எம்ஜிஎம் என்று ஸ்டூடியோ மாறி மாறி நடித்தும் முதல் வரிசைக்கு வரவில்லை. சரி, அது போகட்டும்.

எனக்கு முடிவைச் சொன்னது ஒரே கேள்விதான்: மறுபடி பார்த்தால் தாங்குமா?

அப்போது பல நிகழ்ச்சிகள் நியூயார்க்கிலிருந்து நேரலையாகப் போயின. தூரத்து ஊர்களுக்கு, டிவி திரையையே படம்பிடித்த மங்கலான பிரதிதான் கிடைக்கும். லூசிலும் கணவர் டெசி அர்னாஸும் ஹாலிவுட்டை விட்டு நகர மறுத்தார்கள். 1951இல் தொடங்கிய ‘ஐ லவ் லூசி’ என்ற நகைச்சுவைத் தொடரை 35 எம்எம் பிலிமில், மூன்று கேமராக்களை ஒரே நேரத்தில் ஓடவிட்டு, எதிரே ரசிகர்களை உட்காரவைத்து எடுத்தார்கள். ஒளிப்பதிவு, ‘மெட்ரோபொலிஸ்’ என்ற ஜெர்மன் மௌனப்படத்தில் வேலை செய்த கார்ல் ஃப்ராய்ண்ட். செலவு ஏறியது. சம்பளத்தைக் குறைத்துக்கொண்டு, அதற்கு ஈடாகப் படச்சுருள்களின் உரிமையைத் தங்கள் டெசிலு நிறுவனத்துக்கு வாங்கிக்கொண்டார்கள். மறுஒளிபரப்பின் மதிப்பு அதிகம் பேருக்குப் புரியாத காலம் அது. 1957இல் டெசிலு வாங்கிய ஸ்டூடியோ ஆர்கேஓ, அதாவது லூசில் ஒரு காலத்தில் சம்பளத்துக்கு நடித்த அதே இடம். இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனசு நிறையும்.

லொரெட்டாவின் தொடரும் (1953–61) பிலிமில் எடுத்ததுதான். பெரும்பாலும் வாரம் ஒரு கதை, வாரம் ஒரு வேடம். டிவிக்கான எம்மி விருது மூன்று முறை சும்மா வரவில்லை. நடிப்பின் வீச்சில் லூசிலை விட ஒரு படி மேல் என்றே சொல்வேன். ஆனால் ஒவ்வொரு வாரமும் புது கவுனில் கதவைத் திறந்து சுழன்று வருவாரே, அந்த அழகான தொடக்கம்தான் சீக்கிரம் பழசானது. பழைய மோஸ்தர் உடையோடு தன்னை மறுஒளிபரப்பில் காட்டியதற்காக அவரே என்பிசி டிவி நிறுவனத்தின் மீது வழக்குப் போட்டு வென்றார். கதைகளும் முடிவு தெரிந்துவிட்டால் கொஞ்சம் இழுக்கின்றன.

லூசி அப்படியில்லை. 1952இல் வந்த சாக்லேட் தொழிற்சாலைக் காட்சியில், சாக்லேட்டைச் சுமந்து வரும் பெல்ட் வேகமெடுக்கும் என்று தெரிந்திருப்பதாலேயே அடுத்த முறை சிரிப்பு முன்கூட்டியே வருகிறது. ஆங்கிலம் தெரியாத என் அம்மா அதை நான்கு முறை போடச் சொன்னார்.

லொரெட்டாவின் தொடரில் நான் பார்த்தது இருபது பகுதிக்குள்தான். மௌனப்படங்கள் இன்னும் குறைவு. அழுத்தமான குடும்பக் கதை பிடிப்பவர்களுக்கு என் முடிவு சரிப்படாமல் போகலாம். அவர்கள் அந்த 1947 படத்திலிருந்து தொடங்கட்டும். மற்றவர்கள் சாக்லேட் காட்சியிலிருந்து.